வீட்டுப் பிராணிகளும் நாமும்: மாசமாக இருக்கும் வீட்டில் நாய், பூனை இருக்கலாமா?



சென்ற இதழில் வெயில் காலத்தில் நாய்க்கு எப்படித் தண்ணீர் வைக்க வேண்டும், மத்தியான வெயிலில் தார் ரோட்டில் ஏன் நடத்தக் கூடாது என்றெல்லாம் எழுதியிருந்தேன். இந்தத் தடவை எடுத்துக்கொண்டிருப்பது கொஞ்சம் பெரிய விஷயம். வியாதியின் பெயரே வாயில் நுழையாது: டாக்ஸோபிளாஸ்மோசிஸ். நாம் சுருக்கமாக 'டாக்ஸோ' என்று வைத்துக்கொள்வோம்.

இதை எழுதத் தூண்டியது எங்கள் சைதாப்பேட்டையில், காரணீஸ்வரர் கோயில் பக்கத்துத் தெரு ஒன்றில் நடந்த சங்கதி. பெயரெல்லாம் வேண்டாம். பெண் தலைப்பிரசவத்துக்குத் தாய் வீடு வந்திருந்தாள். கையில் ஒரு ரத்தப் பரிசோதனைச் சீட்டு. அதில் டாக்ஸோ 'பாசிட்டிவ்' என்று அச்சடித்திருந்தது. வளைகாப்புக்கு வந்த உறவில் யாரோ ஒருவர், "வீட்ல நாய் இருக்குதில்ல? அதான் வந்திருக்கு. முதல்ல அதைத் துரத்துங்க" என்று சொல்லிவிட்டார். எட்டு வருஷம் அந்த வீட்டுச் சோறு தின்று, அந்த வீட்டு வாசலில் படுத்த நாயை ராத்திரியோடு ராத்திரியாக ஆட்டோவில் ஏற்றி, பாலத்துக்கு அந்தப் பக்கம் எங்கேயோ இறக்கிவிட்டு வந்தார்கள். மறுவாரம் லேடி டாக்டர் சீட்டைப் பார்த்துவிட்டு, "இது எப்பவோ வந்துட்டுப் போன தொற்றும்மா. இதனால குழந்தைக்கு ஒண்ணும் ஆகாது" என்று சொன்னாராம். அதற்குள் நாய் எங்கே போயிற்றோ, யாருக்கும் தெரியவில்லை.

இந்த மாதிரி எத்தனை வீடுகளில் நடக்கிறது என்று யோசித்துப் பாருங்கள். நாய் போனது ஒரு பக்கம் இருக்கட்டும். நாயைத் துரத்திவிட்டோம், இனி கவலையில்லை என்று நிம்மதியாக உட்கார்ந்துவிடுகிறார்களே, அதுதான் அதைவிட ஆபத்து. ஏனென்றால் இந்தக் கிருமி முக்கால்வாசி வருவது சமையலறை வழியாகவும், மண் வழியாகவும், தண்ணீர் வழியாகவும்தான். 

கிருமியின் ஜாதகம்

டாக்ஸோ கிருமி கண்ணுக்குத் தெரியாத ஒற்றை அணு உயிர். வேறோர் உயிரின் உடம்புக்குள் புகுந்துதான் பிழைக்கும். 1908-ஆம் வருஷம் வட ஆப்பிரிக்காவில் டூனிஸ் நகரத்தில் எலி ஜாதியைச் சேர்ந்த ஒரு சின்னப் பிராணியின் உடம்பில் இதைக் கண்டுபிடித்தார்கள். அதே வருஷம் பிரேசில் நாட்டில் ஒரு முயலிடமும் கண்டார்கள். பூதக்கண்ணாடியில் பார்த்தால் வில் மாதிரி வளைந்திருக்கும். கிரேக்க மொழியில் வில்லுக்கு 'டாக்ஸோன்' என்று பெயராம். அதை வைத்துத்தான் இந்தப் பெயர்.

1910-ல் இத்தாலியில் ஒரு நாய்க்கு இந்த வியாதி வந்ததாக எழுதி வைத்தார்கள். வீட்டுப் பிராணிகளில் முதலில் மாட்டியது நாய்தான். ஆனால் கிருமி ஒருவரிடமிருந்து இன்னொருவருக்கு எப்படித்தான் போகிறது என்பது அறுபது வருஷமாகப் புரியாத புதிராகவே இருந்தது. கறியே சாப்பிடாத சைவர்களுக்கும் வந்ததைப் பார்த்து டாக்டர்கள் குழம்பினார்கள். 1970-ஐ ஒட்டித்தான் முடிச்சு அவிழ்ந்தது. இந்தக் கிருமி முட்டை போட்டுப் பெருகுவது பூனையின் குடலில் மட்டும் என்று தெரிந்தது. அந்த ஆராய்ச்சியில் பெரிய பங்கு எடுத்துக்கொண்டவர்களில் ஒருவர் ஜே.பி. துபே, இந்தியாவில் பிறந்து, இங்கேயே கால்நடை மருத்துவம் படித்துவிட்டு வெளிநாடு போனவர். நமக்கும் பெருமைதானே!

பூனை என்ன செய்கிறது?

பூனை எலியைப் பிடித்துத் தின்கிறது. அந்த எலியின் சதையில் கிருமி இருந்தால் அது பூனையின் குடலில் இறங்கிப் பெருகி, லட்சக்கணக்கான முட்டைகளாக மலத்தோடு வெளியே வருகிறது. இதைக் கேட்டவுடன் பூனையைத் தூக்கி வெளியே போட ஓடாதீர்கள். இன்னும் மூன்று விஷயம் இருக்கிறது.

ஒன்று, ஒரு பூனை இப்படி முட்டைகளை வெளியேற்றுவது பெரும்பாலும் அதன் ஆயுளில் ஒரே ஒரு தடவை, அதுவும் ஒன்றிலிருந்து மூன்று வாரம் வரைக்கும்தான். குட்டிப் பருவத்தில் முதன்முதலாக எலி பிடிக்கப் பழகும்போது இது நடந்து முடிந்துவிடும். பிறகு அதற்கு எதிர்ப்புச் சக்தி வந்துவிடுகிறது. பல வருஷமாக வீட்டில் இருக்கும் கிழட்டுப் பூனையால் ஆபத்து மிகவும் குறைவு.

இரண்டு, புதிதாக விழுந்த மலத்தில் இருக்கும் முட்டை உடனே தொற்றாது. அது முதிர ஒரு நாள் முதல் ஐந்து நாள் வரை ஆகும். அதனால் தினமும் அள்ளிக் கொட்டிவிட்டால் பாதி பயம் தீர்ந்தது.

மூன்று, பூனை சதா உடம்பை நக்கிச் சுத்தம் பண்ணிக்கொள்ளும் பிராணி. அதன் ரோமத்தில் முதிர்ந்த முட்டை ஒட்டிக்கொண்டிருப்பது அபூர்வம். மடியில் வைத்துத் தடவிக்கொடுப்பதால் இந்த வியாதி வருவதில்லை என்றே சொல்லலாம்.

ஆனால் ஒன்று, மண்ணில் விழுந்து முதிர்ந்த முட்டை லேசில் சாகாது. ஈரமும் நிழலுமாக இருந்தால் ஒரு வருஷத்துக்கு மேலேயும் உயிரோடு கிடக்கும். பூனை என்றைக்கோ போய்விட்டிருக்கும், மண் மட்டும் அதை வைத்திருக்கும். 

நாய் என்ன செய்கிறது?

இப்போது நம் நாயிடம் வருவோம். நாயின் குடலில் இந்தக் கிருமி முட்டை போடாது. ஆக, நாய் இதைப் பரப்பும் பிராணியே அல்ல. நமக்கு எப்படி வருகிறதோ, அதே மாதிரிதான் அதற்கும் வருகிறது: பச்சைக் கறியில், எலியைக் கடித்ததில், அசுத்தமான மண்ணையும் தண்ணீரையும் நக்கியதில். 

ஒரு சின்னத் திருத்தம் உண்டு. சில நாய்களுக்குப் பூனையின் மலத்தைத் தின்கிற கெட்ட வழக்கம், இல்லாவிட்டால் அதில் புரளுகிற வழக்கம் இருக்கிறது. அப்படிச் செய்தால் முட்டைகள் அதன் ரோமத்திலோ, வயிற்று வழியாகவோ ஒரு சுமைகூலி மாதிரி இடம் மாறிப் போகலாம். அதற்கு மருந்து குளிப்பாட்டுவதும் கையைச் சோப்புப் போட்டுக் கழுவுவதும்தான்.

வளர்ந்த, திடமான நாய்க்கு டாக்ஸோ வந்தாலும் பெரும்பாலும் நமக்குத் தெரியவே தெரியாது. கஷ்டப்படுவது குட்டிகளும், நோஞ்சான்களும், முக்கியமாக டிஸ்டெம்பர் நோய் கண்ட நாய்களும்தான். டிஸ்டெம்பர் உடம்பின் எதிர்ப்புச் சக்தியை அடித்துப்போட்டதும், சதைக்குள் சும்மா தூங்கிக்கொண்டிருந்த டாக்ஸோ தலைதூக்கிவிடும். இந்தக் குறிகளைப் பார்த்து வைத்துக்கொள்ளுங்கள்:

சாப்பிடாமல் சுருண்டு படுத்தல், விட்டு விட்டு ஜுரம். இருமல், மூச்சு இழுத்து விடத் திணறல். வாந்தி, கழிச்சல், சில சமயம் கண்ணிலும் ஈறிலும் மஞ்சள் பூத்தல். கண் சிவந்து மங்கிப்போதல். நடையில் தள்ளாட்டம், பின்னங்கால் விறைத்துக்கொள்ளுதல் அல்லது துவண்டுபோதல், வலிப்பு.

இவற்றில் எது கண்டாலும் கைவைத்தியத்தில் நாளைக் கடத்தாமல் கால்நடை டாக்டரிடம் கொண்டுபோய்விடுங்கள். சென்னைக்காரர்களுக்கு வேப்பேரியில் கால்நடை மருத்துவக் கல்லூரி ஆஸ்பத்திரி இருக்கவே இருக்கிறது. 1903-ல் ஆரம்பித்த கல்லூரி அது. ரத்தம் எடுத்துப் பார்த்து, தேவையானால் சில வாரங்களுக்கு ஆன்டிபயாடிக் மருந்து கொடுப்பார்கள். நாலு நாளில் தேறிவிட்டதே என்று பாதியில் நிறுத்தக் கூடாது.

இன்னொன்றும் தெரிந்துகொள்ளுங்கள். நாய்க்குட்டிகளுக்குக் கால் விறைத்துப்போகும் வியாதி வந்தால், ரொம்ப நாளாக எல்லாவற்றையும் டாக்ஸோ கணக்கில்தான் எழுதிக்கொண்டிருந்தார்கள். 1988-ல்தான் அதில் பலவும் வேறு கிருமியின் வேலை என்று தெரிந்து, அதற்கு நியோஸ்போரா என்று தனிப் பெயர் வைத்தார்கள். அது மனிதர்களுக்கு வியாதி தருவதாகத் தெரியவில்லை. ஆக, செய்யாத குற்றத்துக்கும் டாக்ஸோ பெயர் கெட்டது. டாக்ஸோ செய்த குற்றத்துக்கு நாயின் பெயர் கெட்டது!

டாக்ஸோவுக்கென்று நாய்க்கோ பூனைக்கோ தடுப்பூசி கிடையாது. ஆனால் டிஸ்டெம்பருக்கு உண்டு. குட்டிக்கு ஆறிலிருந்து எட்டு வார வயசுக்குள் முதல் ஊசியை ஆரம்பித்து, டாக்டர் சொல்லும் தேதிகளில் விடாமல் போட்டுவிட்டால் டாக்ஸோவின் வாசலையும் பாதி அடைத்த மாதிரிதான்.

மற்ற ஜீவன்கள்

பூனைக்குட்டிக்கு டாக்ஸோ முற்றினால் மூச்சு முட்டும், கண்ணில் பாவையைச் சுற்றிச் சிவந்து வீங்கும். பெரிய பூனைக்கு அநேகமாக ஒன்றும் தெரியாது. முயல் வளர்க்கிறவர்கள் ஜாக்கிரதையாக இருக்க வேண்டும். பூனை நடமாடுகிற இடத்துப் புல்லைப் பறித்துப் போட்டால் முயலுக்குத் திடீரென்று ஜுரம் கண்டு இறந்துபோவதுண்டு. கேனரிக் குருவிகளுக்குக் கண் பார்வை போவதுண்டு. கோழிகள் தரையைக் கிளறி முட்டைகளைப் பொறுக்கித் தின்னும். தாங்கள் நோயில் விழாமலே சதையில் கிருமியை வைத்துக்கொண்டிருக்கும். ஆடுகளுக்குக் குட்டி கலைந்துபோகும். ஆனால் முயலோ கிளியோ கோழியோ நாயோ, எதுவும் பூனையைப் போல் முட்டை வெளியேற்றாது. கூண்டில் முயல் இருப்பதால் வீட்டில் உள்ளவர்களுக்கு டாக்ஸோ வருமா என்று கேட்டால், வராது.

கோயம்புத்தூரில் நடந்தது

நாயும் பூனையும் இல்லாத வீட்டில் இந்த வியாதி எட்டிப் பார்க்காது என்று யாராவது சொன்னால், அவர்களுக்குக் கோயம்புத்தூர்க் கதையைச் சொல்லுங்கள்.

2004-ஆம் வருஷக் கடைசியிலும் 2005-லுமாக, கோவை அரவிந்த் கண் ஆஸ்பத்திரிக்குப் பார்வை மங்கிய நோயாளிகள் வழக்கத்துக்கு மாறாக வந்துகொண்டே இருந்தார்கள். கண்ணுக்கு முன்னால் கரும்புள்ளி பறக்கிறது, புகை மூடின மாதிரி தெரிகிறது என்றார்கள். விழித்திரையில் டாக்ஸோ புண்! ரத்தத்தைப் பார்த்தால், பழைய தொற்று இல்லை, புதிதாக வந்தது. எங்கேயோ ஒருவருக்கு வருகிற வியாதி ஒரே ஊரில் 248 பேருக்கு. இந்த விவரங்களை அந்த டாக்டர்கள் 2010-ல் வெளிநாட்டுக் கண் மருத்துவப் பத்திரிகை ஒன்றில் எழுதினார்கள். நோயாளிகள் எந்தெந்தப் பகுதியில் குடியிருக்கிறார்கள் என்று ஆராய்ந்ததில் சந்தேகம் போய் விழுந்தது, ஊருக்கு வரும் குடிதண்ணீரின் மேல்.

இதற்கு முன்னாலும் இப்படி நடந்திருக்கிறது. 1995-ல் கனடா தேசத்தில் விக்டோரியா என்ற நகரத்தில் சுமார் நூறு பேருக்கு டாக்ஸோ கண்டது. அங்கேயும் ஊர்த் தண்ணீர்தான் காரணம் என்று முடிவு கட்டினார்கள். நீர்த்தேக்கத்தைச் சுற்றித் திரிந்த காட்டுப் பூனை இனத்துப் பெரிய மிருகங்களும் வீட்டுப் பூனைகளும் போட்ட அசுத்தம், மழைத்தண்ணீரோடு அடித்துக்கொண்டு போயிருக்கிறது.

இதிலே நமக்குப் பாடம் என்ன? தண்ணீரில் போடும் குளோரின் இந்த முட்டையை ஒன்றும் செய்யாது. கொதிக்க வைத்தால் செத்துப்போகும். சென்னையில் நாம் குழாய்த் தண்ணீரும், லாரித் தண்ணீரும், சம்ப்பில் பிடித்து வைத்த தண்ணீருமாகத்தான் காலம் தள்ளுகிறோம். சம்ப் மூடி உடைந்து பாதி திறந்து கிடக்கிற வீடுகள் எத்தனை! மொட்டைமாடித் தொட்டி மூடி காற்றில் பறந்துபோய் மாசக்கணக்காகிற வீடுகள் எத்தனை! பூனை போகாத மாடி எது? மழைத்தண்ணீர் இறங்காத சம்ப் எது? கர்ப்பிணி இருக்கும் வீட்டில் நாயைத் தேடுவதற்கு முன்னால் சம்ப் மூடியைத் தேடுங்கள்.

கர்ப்பிணிக்கு ஏன் இவ்வளவு பயம்?

நல்ல ஆரோக்கியமாக இருக்கிற ஆண் பெண் யாருக்கு டாக்ஸோ வந்தாலும் பெரும்பாலும் தெரியாமலே வந்து தெரியாமலே போகும். சிலருக்குக் கழுத்தில் நெறி கட்டும், லேசான ஜுரம், உடம்பு வலி. அவ்வளவுதான். எச்.ஐ.வி. உள்ளவர்கள், சிறுநீரகம் மாற்றிக்கொண்டவர்கள், புற்றுநோய்க்கு மருந்து எடுப்பவர்கள், இவர்களுக்கு மட்டும் மூளை வரைக்கும் போய்த் தொந்தரவு கொடுக்கும்.

கர்ப்பிணி விஷயத்தில் ஒரே ஒரு கேள்விதான் முக்கியம்: தொற்று எப்போது வந்தது? கர்ப்பமாவதற்கு முன்னாலேயே எப்போதோ வந்துபோயிருந்தால், உடம்பில் எதிர்ப்புச் சக்தி இருக்கும். அதுவே பொதுவாகக் குழந்தைக்கும் கவசம். கர்ப்பமாக இருக்கும்போது முதன்முதலாக வந்தால்தான் குழந்தைக்குப் போகும் அபாயம். முதல் மூன்று மாசத்தில் வந்தால் குழந்தைக்குப் போவது குறைவு, ஆனால் போனால் பாதிப்பு கடுமை: கரு கலையலாம், தலையில் நீர் கோத்துக்கொள்ளலாம், கண்ணும் மூளையும் பழுதாகலாம். கடைசி மாசங்களில் போவது அதிகம், பாதிப்பு குறைவு. பிறக்கும்போது நன்றாக இருக்கும் குழந்தைக்கே சில வருஷம் கழித்துக் கண்ணில் கோளாறு தெரிவதுண்டு. அதனால் டாக்டர் வரச் சொன்ன தேதிகளில் குழந்தையைக் கண் டாக்டரிடம் காட்டாமல் விடாதீர்கள்.

பரிசோதனைச் சீட்டில் இரண்டு வரி இருக்கும். ஐ.ஜி.ஜி. என்பது பழைய தொற்றின் தடம். அது மட்டும் பாசிட்டிவ் என்றால் அநேகமாக நல்ல சேதிதான்! ஐ.ஜி.எம். என்பது புதுத் தொற்றைக் காட்டலாம். ஆனால் அதுவும் சில பேருக்கு ஒரு வருஷத்துக்கு மேல்கூட மறையாமல் இருக்கும், சில சமயம் தப்பாகவும் காட்டும். சந்தேகம் வந்தால் இரண்டு மூன்று வாரம் கழித்துத் திரும்பவும் பார்ப்பார்கள், 'அவிடிட்டி' என்று இன்னொரு பரிசோதனையும் செய்து தொற்றின் வயசைத் தெரிந்துகொள்வார்கள். புதுத் தொற்று என்று நிச்சயமானால் மருந்து இருக்கிறது. அதை முடிவு செய்ய வேண்டியது டாக்டர். சீட்டை லேபிலிருந்து வாங்கி வரும் வழியிலேயே பக்கத்து வீட்டு அக்காவிடம் தீர்ப்பு வாங்காதீர்கள்.

இதையும் சொல்லியாக வேண்டும். கரு கலைந்துபோன எத்தனையோ பெண்களிடம், "நீ பூனையைக் கொஞ்சினதாலதான் இப்படி ஆச்சு" என்று மாமியாரோ நாத்தனாரோ சொல்லி, அந்தப் பெண் வாழ்நாள் முழுக்க அதை நெஞ்சில் சுமக்கிறாள். அடுத்தடுத்துக் கரு கலைவதற்கு டாக்ஸோ காரணமாவது பொதுவாக இல்லை. ஒரு தடவை வந்தால் எதிர்ப்புச் சக்தி வந்துவிடுகிறதே! வேறு காரணம் தேட வேண்டியதை விட்டுவிட்டு, வாயில்லா ஜீவன் மேலும் வாய் திறக்காத மருமகள் மேலும் பழி போடுவது எந்த ஊர் நியாயம்?

அடுப்பங்கரையில் கவனிக்க வேண்டியவை

நம் பாட்டிமார் வழக்கம் பலது இந்த விஷயத்தில் நமக்குக் காவலாக நிற்கிறது. பாலை நன்றாகக் காய்ச்சுகிறோம். கறியைக் குழைய வேக வைக்கிறோம். செருப்பை வாசலில் விடுகிறோம். ஆனால் சில சின்ன ஓட்டைகள் இருக்கின்றன.

கோலா உருண்டைக்கு அரைத்த பச்சைக் கொத்துக்கறியில் உப்புப் போதுமா என்று நாக்கில் தொட்டுப் பார்க்கிறோமே, அது வேண்டாம். ஒரு சின்ன உருண்டையைப் பொரித்தெடுத்து ருசி பாருங்கள். கறிக்குள் இருக்கும் கிருமி 67 டிகிரி சூட்டில் சாகும். குக்கரில் விசில் வந்த கறிக்குக் கவலையே இல்லை. கம்பியில் குத்தித் தீயில் வாட்டும் கறிதான் வெளியே கருகி உள்ளே சிவப்பாக இருக்கும். உள்ளே துளி சிவப்பு தெரிந்தாலும் கர்ப்பிணிக்குக் கொடுக்காதீர்கள்.

கறி நறுக்கிய அரிவாள்மணையிலேயே வெங்காயமும் வெள்ளரிக்காயும் நறுக்கிப் பச்சடி போடுகிற பழக்கத்தை விடுங்கள். கீரை, கொத்தமல்லி, புதினாவை வேர் நறுக்கி, அகலப் பாத்திரத்தில் அமிழ்த்தி மூன்று நான்கு தண்ணீர் மாற்றி அலசுங்கள். வாங்கிப் போட்ட கட்டை அப்படியே குழாயடியில் காட்டினால் மண் போகாது. மீனைப் பற்றிச் சிலர் கேட்கிறீர்கள். டாக்ஸோ கிருமி தங்குவது உஷ்ண ரத்தப் பிராணிகளின் சதையில்தான். ஆகவே எங்கள் சைதாப்பேட்டை மீன் மார்க்கெட்டில் வாங்கிய வஞ்சிரத்தைப் பார்த்து இதற்காகப் பயப்பட வேண்டாம்.

நாய்க்கென்று கறிக்கடையில் கொழுப்பும் சவ்வும் நுரையீரலும் வாங்கி வந்து பச்சையாகவே போடுகிறவர்கள் இருக்கிறார்கள். பச்சைக் கறி தின்றால்தான் நாய்க்கு வீரம் வரும் என்று ஒரு நினைப்பு. வருவது வீரம் இல்லை, வியாதி. மஞ்சள்தூள் போட்டு நன்றாக வேக வைத்துச் சோற்றோடு பிசைந்து போடுங்கள். பூனைக்கும் அதே சட்டம்.

பத்துக் கட்டளைகள்

1. பூனை மண் தட்டைத் தினமும் காலி செய்து, கொதிக்கிற தண்ணீரை ஊற்றிக் கழுவுங்கள். பினாயிலும் டெட்டாலும் இந்த முட்டையைக் கொல்லாது.

2. இந்த வேலையைக் கர்ப்பிணி செய்யக் கூடாது. வீட்டு ஆண்கள் செய்யட்டும். வேறு வழியில்லை என்றால் கையுறை போட்டுச் செய்துவிட்டு, சோப்பால் கை கழுவட்டும்.

3. கர்ப்ப காலத்தில் புதிதாகப் பூனைக்குட்டி எடுத்து வராதீர்கள். இருக்கிற பூனையைத் துரத்தவும் வேண்டாம். எலி பிடிக்கப் போகாமல் வயிறு நிறையச் சமைத்த சோறு போடுங்கள்.

4. வீடு கட்டுகிற இடத்தில் கொட்டியிருக்கும் மணல் குவியல்தான் தெருப் பூனைகளுக்குக் கக்கூஸ். குழந்தைகளுக்கோ அது விளையாட்டு மைதானம்! குவியல் மேல் தார்ப்பாய் போடச் சொல்லுங்கள். விளையாடிவிட்டு வரும் குழந்தையின் கையையும் நகத்தையும் முதலில் கழுவுங்கள்.

5. மாடித் தோட்டம், தொட்டிச் செடி வேலைக்குக் கையுறை அவசியம்.

6. வாசல் பெருக்கிக் கோலம் போட்ட கையோடு காபி டம்ளரை எடுக்காதீர்கள். 

7. குடிக்கும் தண்ணீரைத் தளதளவென்று கொதிக்க வைத்து ஆற்றிக் குடியுங்கள்.

8. சம்ப், மாடித் தொட்டி மூடிகள் இறுக்கமாக இருக்க வேண்டும். பெருமழைக்குப் பிறகு சம்ப்பைக் காலி செய்து தேய்த்துக் கழுவுங்கள். 

9. நாயை உலாத்தக் கூட்டிக்கொண்டு போகும்போது குப்பைத்தொட்டிப் பக்கம் மோந்துகொண்டு எதையும் தின்ன விடாதீர்கள். அசுத்தத்தில் புரண்டு வந்தால் உடனே குளிப்பாட்டுங்கள்.

10. கண்ணுக்கு முன்னால் கரும்புள்ளி பறந்தாலோ, ஒரு கண் பார்வை மங்கினாலோ, வெள்ளெழுத்து என்று நீங்களே முடிவு கட்டாமல் கண் டாக்டரிடம் போங்கள்.

வாசகியர் கேள்விகள்

"என் பெண் ஆறு மாசம். வீட்டு நாய் அவள் கையை நக்குகிறது. பரவாயில்லையா?"

டாக்ஸோவைப் பொறுத்தவரை பயமில்லை. பொதுச் சுத்தத்துக்காகச் சாப்பிடும் முன் கை கழுவினால் போதும். நாயிடம் நாம் உண்மையில் பயப்பட வேண்டியது வெறிநோய். வருஷா வருஷம் அதற்கு ஊசி போட்டாயிற்றா என்று பாருங்கள். எந்த நாய் கடித்தாலும், கீறினாலும் பதினைந்து நிமிஷம் சோப்புப் போட்டு ஓடுகிற தண்ணீரில் கழுவி, அன்றைக்கே ஆஸ்பத்திரிக்குப் போய்விட வேண்டும். கர்ப்பிணிக்கும் அந்த ஊசி போடலாம்.

"நாங்கள் சுத்த சைவம். எங்களுக்கு வருமா?"

வரலாம். கறி வழி அடைபட்டாலும் கீரை வழியும் தண்ணீர் வழியும் மண் வழியும் திறந்தேதான் இருக்கின்றன.

"பூனைக்கு ரத்தம் பார்த்துவிட்டால் நிம்மதியாக இருக்கலாமா?"

பாசிட்டிவ் வந்தால், அதற்குத் தொற்று ஏற்கெனவே வந்துபோய்விட்டது, இனி முட்டை போடுவது அநேகமாக இல்லை என்று அர்த்தம். நெகட்டிவ் வந்தால், இனிமேல்தான் வரக்கூடும் என்று அர்த்தம். ஆக பூனைக்குப் பார்ப்பதைவிட, பெண்ணுக்குக் கல்யாணம் ஆனதும் கர்ப்பத்துக்கு முன்பே டாக்டரிடம் கேட்டு ஒரு தடவை பார்த்து வைத்துக்கொண்டால், பின்னால் சீட்டைப் பார்த்துக் குழம்ப வேண்டி வராது.

அடுத்த இதழில் மழைக்கால உண்ணியும் நாயின் ஜுரமும் பற்றி எழுதுகிறேன். அதற்குள் மொட்டைமாடிக்கு ஏறிப் போய்த் தொட்டி மூடி சரியாக இருக்கிறதா என்று ஒரு தடவை பார்த்துவிடுங்கள்.